திரும்பி வந்த காலப்பயணிகள்: இரு தொலைக்காட்சித் தொடர்களின் மறுதொடக்கம் குறித்த நிகழ்வு ஆய்வு

அமெரிக்காவின் என்.பி.சி. தொலைக்காட்சியில் ‘குவாண்டம் லீப்’ தொடர் 1989 மார்ச் 26 அன்று தொடங்கியது. அதே ஆண்டு டிசம்பரில், 26 சீசன்கள் ஓடி முடித்திருந்த ‘டாக்டர் ஹூ’ தொடரை பிரிட்டனின் பி.பி.சி. நிறுத்தியது. இரண்டும் காலப்பயணத் தொடர்கள். நின்றுபோய்ப் பல ஆண்டுகள் கழித்து இரண்டையும் மீண்டும் தொடங்கினார்கள். ‘டாக்டர் ஹூ’வுக்கு அம்முயற்சி இருமுறை நடந்தது. 1996 இல் வந்த தொலைக்காட்சித் திரைப்படம் தொடராக வளரவில்லை. 2005 இல் வந்த தொடரோ இருபது ஆண்டுகளுக்குப் பிறகும் புதிய அத்தியாயங்களைத் தந்தது. ‘குவாண்டம் லீப்’ 2022 இல் திரும்பி வந்து, இரண்டு சீசன்களில் 31 அத்தியாயங்களோடு 2024 இல் முடிந்துபோனது.

இம்மூன்று முயற்சிகளையும் புதுச்சேரியில் நாங்கள் நடத்திவரும் திரைக்கதைப் பயிற்சி வகுப்பில் பாடமாக எடுத்துக்கொண்டோம். இலாசுப்பேட்டை, முத்தியால்பேட்டை, அரியாங்குப்பம் ஆகிய இடங்களிலிருந்தும் கடலூரிலிருந்தும் வரும் இளைஞர்களில் அநேகமாக எவரும் இத்தொடர்களின் பழைய வடிவத்தைப் பார்த்தவர்கள் அல்லர். காலப்பயணக் கதை அவர்களுக்குப் புதிதன்று. கடந்த பத்தாண்டுகளில் தமிழ்த் திரையரங்குகளிலேயே அவ்வகைப் படங்களை விரும்பிப் பார்த்திருக்கிறார்கள். ஆனால் இந்த இரு தொடர்களின்மீது அவர்களுக்குச் சிறுவயது ஏக்கம் எதுவும் இல்லை. மறுதொடக்கம் என்பது யாருக்காகச் செய்யப்படுகிறதோ, அந்தப் புதிய பார்வையாளர் அவர்களே. அவர்களோடு அமர்ந்து பார்த்ததிலிருந்து எனக்கு உறுதிப்பட்ட கருத்து ஒன்று உண்டு. காலப்பயணத் தொடரை இயக்குவது அதன் எந்திரம் அன்று. தன் நாயகனுக்கு அது எதை மறுக்கிறது என்பதே. மறுதொடக்கம் செய்பவர் அந்த மறுப்பைக் கண்டுபிடித்துக் காப்பாற்றிவிட்டால், மற்ற எல்லாவற்றையும் துணிந்து மாற்றலாம்.

மூலத் தொடர்களின் விதிகள்

‘டாக்டர் ஹூ’வின் முதல் அத்தியாயம் 1963 நவம்பர் 23 அன்று, அமெரிக்க அதிபர் கென்னடி கொல்லப்பட்டதற்கு மறுநாள், ஒளிபரப்பாயிற்று. வெரிட்டி லாம்பர்ட் என்ற இளம் பெண் தயாரிப்பாளர் அதைத் தயாரித்தார். லக்னோவில் பிறந்த வாரிஸ் உசேன் அந்த முதல் கதையை இயக்கினார். தன் கலத்தில் காலத்தினூடே பயணிக்கும் வேற்றுக்கோள் மனிதர்தான் ‘டாக்டர்’. அவரோடு பயணம் செய்ய நேரும் இருவரில் ஒருவர் அறிவியல் ஆசிரியர், மற்றவர் வரலாற்று ஆசிரியர். பார்க்கும் சிறுவர்களுக்கு அறிவியலும் வரலாறும் கதையோடு சேர்ந்து போய்ச் சேரவேண்டும் என்பது தொடக்க கால நோக்கமாக இருந்தது. 1964 இல் வந்த ‘தி அஸ்டெக்ஸ்’ கதையில் வரலாற்று ஆசிரியையான பார்பரா, அஸ்டெக் மக்களின் நரபலியை நிறுத்திவிட முயல்கிறார். வரலாற்றின் ஒரு வரியைக்கூட மாற்ற முடியாது என்று டாக்டர் அவரைத் தடுக்கிறார். கதை முடிவில் பார்பரா தோற்கிறார். எந்தக் காலத்துக்கும் போகலாம், ஆனால் போன இடத்தில் விரும்பியதைச் செய்ய முடியாது என்ற விதி இங்கே தெளிவாகிவிடுகிறது.

‘குவாண்டம் லீப்’ வேறு வகையில் கட்டப்பட்டது. டொனால்ட் பெல்லிசாரியோ உருவாக்கிய அத்தொடரில், இயற்பியலாளர் சாம் பெக்கெட் தன் சோதனை முழுமை பெறுவதற்கு முன்பே அதில் இறங்கி, தன் பிறப்பாண்டான 1953 முதல் உள்ள தன் வாழ்நாளுக்குள்ளேயே அங்கும் இங்கும் தாவுகிறார். ஒவ்வொரு தாவலிலும் வேறொருவரின் இடத்தில் போய் நிற்கிறார். கண்ணாடியில் தெரிவது அந்த மற்றவரின் முகம். அங்கே தவறாகப் போன ஒன்றைச் சரிசெய்தால்தான் அடுத்த தாவல். துணைக்கு இருப்பவர், சாமுக்கு மட்டும் தெரியும் ஹோலோகிராமாக, அதாவது முப்பரிமாண ஒளி உருவமாக, வந்துபோகும் நண்பர் ஆல். சாமுக்கு நினைவு ஓட்டையாகிவிட்டது; வீடு திரும்பும் வழியும் தெரியாது. பார்வையாளருக்கும் அந்த எதிர்காலத்து ஆய்வுக்கூடம் ஏறக்குறையக் காட்டப்படுவதே இல்லை. ஆல் ஒரு கதவைத் திறந்துகொண்டு வருகிறார், மூடிக்கொண்டு போகிறார். அந்தக் கதவுக்கு அப்பால் என்ன இருக்கிறது என்பதைச் சாமைப் போலவே நாமும் ஊகித்துக்கொண்டிருக்கிறோம்.

இந்த மறுப்பின் வலிமையை 1990 இல் வந்த ‘தி லீப் ஹோம்’ என்ற இரு பகுதிக் கதையில் முழுமையாகக் காணலாம். சாம் தன் பதினாறு வயது உடலுக்குள்ளேயே, 1969 ஆம் ஆண்டில், தன் பெற்றோரின் பண்ணை வீட்டில் வந்து நிற்கிறார். அண்ணன் டாம் வியட்நாம் போரில் இறக்கப்போவது அவருக்குத் தெரியும். முதல் பகுதியில் எவ்வளவு மன்றாடியும் எதையும் மாற்ற முடியவில்லை. இரண்டாம் பகுதியில் வியட்நாமிலேயே, அண்ணனின் படைப்பிரிவில் இருக்கும் ‘மேஜிக்’ என்ற வீரனின் இடத்துக்குத் தாவுகிறார். அண்ணன் பிழைக்கிறார். ஆனால் உடன் வந்த பெண் புகைப்படச் செய்தியாளர் உயிரிழக்கிறார். அவர் எடுத்த ஒரு படத்தில், எதிரியிடம் சிறைப்பட்டு நடத்திச் செல்லப்படும் இளம் ஆல் இருக்கிறார். தான் விடுவிக்கப்பட்டிருக்கக்கூடும் என்பதை அறிந்தே ஆல் அதைச் சொல்லாமல் இருந்தார் என்பது அப்போதுதான் சாமுக்குப் புரிகிறது. ஒன்றைப் பெற்றால் இன்னொன்றை இழக்க வேண்டும் என்ற கணக்கு, ஒரு வசன விளக்கமும் இல்லாமல், ஒரே படத்தில் சொல்லப்பட்டுவிடுகிறது. எங்கள் வகுப்பில் மூலத் தொடரிலிருந்து முழுமையாகத் திரையிட்ட கதை இது. பார்த்து முடித்ததும் பேச்சு சாமைப் பற்றி அன்று, ஆலைப் பற்றியே நடந்தது என்பதைக் குறித்துவைத்திருக்கிறேன்.

1993 மே மாதம் வந்த கடைசி அத்தியாயத்தில் சாம், ஆலின் முதல் மனைவியிடம் போய், கணவர் உயிரோடு இருக்கிறார், காத்திருங்கள் என்று சொல்கிறார். ஆலின் வாழ்க்கை சீராகிறது. சாம் வீடு திரும்பவே இல்லை என்ற அறிவிப்போடு தொடர் முடிகிறது. முடிவிலும் அந்த மறுப்பைக் கைவிடாத தொடர் அது.

1996: முதல் சில நிமிடங்களிலேயே நேர்ந்த பிழை

பி.பி.சி.யும் அமெரிக்க நிறுவனங்களும் சேர்ந்து எடுத்த ‘டாக்டர் ஹூ’ திரைப்படத்தைக் குறித்து நீண்டு பேச வேண்டியதில்லை. புதிய டாக்டராக நடித்த பால் மெக்கான் நல்ல தேர்வு; அவரைக் குறை சொல்ல இடமில்லை. ஆனால் படம் தொடங்கியவுடனே டாக்டரின் பழைய பகைவனான மாஸ்டர் யார், டாக்டரின் இன்னொரு பகைவர் கூட்டமான தாலெக்குகளின் கோளில் அவன் ஏன் தண்டிக்கப்பட்டான், அவனுடைய எச்சங்களை டாக்டர் ஏன் எடுத்துச் செல்கிறார் என்றெல்லாம் பின்னணிக் குரல் சொல்லத் தொடங்குகிறது. பிறகு பழைய டாக்டராகச் சில்வெஸ்டர் மெக்காய் வந்து, சுடப்பட்டு, மருத்துவமனையில் இறந்த பின்னர்தான் புதிய டாக்டர் எழுகிறார்; சாகும் தறுவாயில் டாக்டர் வேறு உடலோடும் முகத்தோடும் எழுவார் என்பது தொடரின் வழக்கம். பிரிட்டனில் சுமார் 90 இலட்சம் பேர் பார்த்தார்கள். அவர்களுக்கு இந்தப் பழங்கதை தெரியும். அமெரிக்காவில் எதிர்பார்த்த வரவேற்பு இல்லை, தொடரும் எழவில்லை. எங்கள் வகுப்பில் முதல் பத்து நிமிடங்களுக்குள் எழுந்த கேள்விகள் எல்லாம், முன்பு நடந்தது என்ன என்பதைப் பற்றியவை. அடுத்து என்ன நடக்கும் என்று ஒருவரும் கேட்கவில்லை. விருந்துக்கு வந்தவரிடம் இலை போடுவதற்கு முன் வம்சாவளியை ஒப்பிக்கும் வீட்டைப் போல அந்தத் தொடக்கம் அமைந்துவிட்டது.

2005: இல்லாமல் செய்ததன் பலன்

ரசல் டி. டேவிஸ் தலைமையேற்று, பி.பி.சி.யின் வேல்ஸ் பிரிவின் மூலம் எடுத்த புதிய தொடர் 2005 மார்ச் 26 அன்று தொடங்கியது. முன்பு 25 நிமிடப் பகுதிகளாகப் பல வாரங்களுக்கு நீண்ட கதைகள், இப்போது பெரும்பாலும் 45 நிமிடங்களுக்குள் முடியும் தனிக் கதைகளாயின. முதல் அத்தியாயத்தை ஒரு கோடிக்கும் மேற்பட்டோர் பார்த்தனர். இந்த வடிவ மாற்றம் தேவையானதுதான். ஆனால் வெற்றிக்கு அதுவே காரணம் என்று நான் கருதவில்லை. டேவிஸ் எதையெல்லாம் ஒளித்துவைத்தார் என்பதில்தான் அவருடைய கைத்திறன் இருக்கிறது.

அத்தியாயத்தின் பெயர் ‘ரோஸ்’. லண்டனில் ஒரு பெரிய துணிக்கடையில் வேலைசெய்யும் பெண்ணின் பெயர் அது. படக்கருவி அவளோடு எழுகிறது, அவளோடு பேருந்தில் போகிறது, அவளோடு கடை மூடும் நேரத்தில் நிலவறைக்குள் இறங்குகிறது. அங்கே ஆடைப் பொம்மைகள் உயிர்பெற்று அவளை நெருங்கும்போதுதான் ஒருவன் அவள் கையைப் பிடித்து ஓடச் சொல்கிறான். அந்தப் பொம்மைகள் 1970 ஆம் ஆண்டிலேயே இத்தொடரில் வந்தவை. அதை அறிந்தவர்கள் மகிழட்டும் என்று விட்டுவிட்டு, அறியாதவர்களுக்கு விளக்கம் எதுவும் கொடுக்காமல் கதை நகர்கிறது. முந்தைய டாக்டர் எப்படி மாறினார் என்பது காட்டப்படவில்லை. பால் மெக்கான் ஏற்ற டாக்டரின் முடிவை 2013 வரை திரையில் எவரும் பார்க்கவே இல்லை. தாலெக்குகளுக்கு ஆறாம் அத்தியாயம் வரை இடமில்லை.

எல்லாவற்றையும்விடப் பெரிய முடிவு, டாக்டரின் இனத்தையும் கோளையும் ஒரு போரில் அழித்துவிட்டதுதான். பழைய தொடர் கால் நூற்றாண்டாகச் சேர்த்துவைத்திருந்த சபைகள், சட்டங்கள், பட்டங்கள் அனைத்தும் ஒரே அடியில் போய்விட்டன. அந்தப் போரைத் திரையில் காட்டாமல், இரண்டாம் அத்தியாயத்தின் இறுதியில், லண்டன் தெருவின் கூட்டத்துக்கு நடுவே நின்றுகொண்டு, தன் ஊர் எரிந்துபோய்விட்டது, மிஞ்சியிருப்பவன் தான் ஒருவனே என்று டாக்டர் ரோஸிடம் சொல்கிறார். பழைய பார்வையாளருக்கும் புதிய பார்வையாளருக்கும் அந்த நொடியில் தெரிந்தது சம அளவு. எங்கும் போகக்கூடிய ஒருவனுக்குத் தன் வீட்டுக்கு மட்டும் போக முடியாது என்பது, பழைய தொடரில் இவ்வளவு கூர்மையாக இல்லாத மறுப்பு. டேவிஸ் பழைய விதியைக் காத்ததோடு நிற்காமல், அதன் மேல் இன்னொன்றையும் ஏற்றினார்.

அதே சீசனில் வந்த ‘ஃபாதர்ஸ் டே’ அத்தியாயம், ‘தி லீப் ஹோ’மின் பக்கத்தில் வைத்துப் பார்க்கத் தக்கது. ரோஸ் கைக்குழந்தையாக இருந்தபோது, 1987 இல், கார் மோதி இறந்த தந்தையைப் பார்க்க விரும்புகிறாள்; பார்ப்பதோடு நிற்காமல் ஓடிப்போய்க் காப்பாற்றிவிடுகிறாள். அதனால் காலமே குலைகிறது. என்ன நடந்திருக்கிறது என்பதைப் புரிந்துகொள்ளும் தந்தை, தானாகவே அந்தக் காரின் முன் போய் நிற்கிறார். பேரரசர்களும் விண்கலங்களும் இல்லாத இக்கதையே அந்தச் சீசனில் எங்கள் வகுப்பினர் அனைவரையும் கட்டிப்போட்டது. இதிலிருந்து எழும் இரண்டாம் பாடம், காலப்பயணம் உயிரோடிருப்பவர்களின் நினைவு எட்டும் தொலைவுக்குள் நிகழும்போது அந்த மறுப்பு கூடுதலாகச் சுடுகிறது என்பதாகும். 2018 இல் இத்தொடர் 1947 ஆம் ஆண்டுப் பஞ்சாபுக்குப் போனபோதும் இதுவே நடந்தது. யாஸ்மின் கான் என்ற இளம்பெண் தன் பாட்டியின் இளமைக் காலத்தைப் பார்க்கப் போகிறாள். பாட்டி மணக்கவிருக்கும் மனிதர் பிரிவினையின் வன்முறையில் கொல்லப்படுவார் என்பது தெரிந்தும், தடுக்க முடியாமல் திரும்புகிறாள்.

பழைய தொடரின் ஆட்களை டேவிஸ் ஒரேயடியாக விலக்கிவிடவும் இல்லை. எழுபதுகளில் டாக்டரோடு பயணம் செய்த சாரா ஜேன், 2006 இல், அதாவது புதிய பார்வையாளர்களுக்கு ரோஸ்மீது பற்று உறுதியான பிறகு, திரும்பி வந்தார். விட்டுச் செல்லப்பட்ட ஒருத்தியின் கதையாக அது எழுதப்பட்டதால், பழைய அத்தியாயங்களைப் பார்க்காதவர்களும் ரோஸின் நாளைய நிலையை அவரிடம் கண்டார்கள்.

2022: கதவைத் திறந்துவிட்டதன் விலை

புதிய ‘குவாண்டம் லீப்’ 2022 செப்டம்பர் 19 அன்று தொடங்கியது. நாயகன் பென் சாங் கொரிய அமெரிக்கர். அவ்வேடத்தை ரேமண்ட் லீ ஏற்றார். ஹோலோகிராமாக வருபவள் அவனுக்கு நிச்சயிக்கப்பட்ட பெண் ஆடிசன். எவரிடமும் சொல்லாமல் பென் தாவிவிடுகிறான், நினைவை இழக்கிறான், எதிரில் நிற்கும் காதலியை அவனுக்கே அடையாளம் தெரியவில்லை. இது மிகச் சிறந்த கற்பனை என்பதைத் தயங்காமல் சொல்வேன். பழைய தொடரின் மறுப்பைக் காதலின் மேல் ஏற்றிப் புதுப்பித்த சிந்தனை அது. வியட்நாமில் சாம் யாருடைய இடத்துக்குத் தாவினாரோ, அந்த மேஜிக் இப்போது முதியவராகித் திட்டத்தின் தலைவராக இருக்கிறார் என்பதும் அழகான இணைப்பு.

ஆனால் தயாரிப்பாளர்கள் இன்றைய ஆய்வுக்கூடத்தை முழு நேரக் களமாக்கினார்கள். ஏறக்குறைய ஒவ்வொரு அத்தியாயத்திலும் கதை நடுநடுவே அங்கே திரும்பிவிடுகிறது. பென் ஏன் தாவினான், ஆலின் மகள் ஜேனிஸ் ஏன் உதவினாள், திட்டத்துக்குள் துரோகி யார் என்று துப்பறியும் கதை ஒன்று அங்கே ஓடுகிறது. பழைய கடைசி அத்தியாயத்தில் சாம் செய்த திருத்தத்தால்தான் ஆலுக்கு இப்படி ஒரு மகள் இருக்கிறாள் என்பது பழைய இரசிகருக்கு நெகிழ்ச்சி தரும். புதியவருக்கு அவள் இன்னொரு சந்தேகத்துக்குரிய ஆள் மட்டுமே. இதனால் நேர்ந்த இழப்பு எளிதில் அளக்கத் தக்கது. முப்பது ஆண்டுகளுக்கு முன் முழு அத்தியாயமும் பென்னைப் போன்றவன் உதவப் போன அந்த அந்நியருக்குச் சொந்தமாக இருந்தது. இப்போது அவர் தம் நேரத்தில் ஒரு பங்கை ஆய்வுக்கூடத்துக்கு விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கிறது. முதல் அத்தியாயம் முடிந்ததும், பென் யாருக்கு உதவினான் என்று வகுப்பில் கேட்டேன். அந்த மனிதரின் பெயரை ஒருவராலும் சொல்ல முடியவில்லை.

வாழ்நாளுக்குள் மட்டும் தாவலாம் என்ற எல்லையும் நீக்கப்பட்டது. 19 ஆம் நூற்றாண்டு அமெரிக்க மேற்குப் பகுதிக்கும் பென் போகிறான். குதிரைகளும் துப்பாக்கிகளும் கிடைத்தன. ஆனால் அங்கே நடப்பது எதுவும் பென்னையோ அவனுக்குத் தெரிந்தவரையோ தொடவில்லை. இதற்கு நேரெதிராக, இரண்டாம் சீசனில் 1992 ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சலிஸ் கலவரத்தின்போது, கொரியர் வாழும் பகுதியில் கடை நடத்தும் ஒரு குடும்பத்தின் மகனாகப் பென் தாவும் அத்தியாயம் இருக்கிறது. அவன் மொழி, அவன் வீட்டுச் சாப்பாடு, அவன் பெற்றோர் தலைமுறையின் அச்சம் எல்லாம் அங்கே இருக்கின்றன. வெவ்வேறு ஆண்டுகளில் ஹன்னா என்ற ஒரே பெண்ணை மீண்டும் மீண்டும் சந்திக்கும் கதையும் அந்தச் சீசனில்தான் வந்தது. அவளுக்கு ஆண்டுகள் கழிகின்றன, அவனுக்கு நாட்களே கழிகின்றன. தன் தொடர் எதுவென்று அக்குழு கண்டுகொண்டபோது காலம் போதவில்லை.

நிறுத்தப்பட்டதற்குக் கதைக் கட்டமைப்பு ஒன்றையே காரணமாக்குவது நியாயமாகாது. அமெரிக்கத் தொலைக்காட்சியின் பழைய ஒளிபரப்பு முறைக்கே பார்வையாளர்கள் குறைந்துவந்த காலம் அது. 2023 இல் எழுத்தாளர்களும் நடிகர்களும் நடத்திய வேலைநிறுத்தங்கள் துறை முழுவதையும் உலுக்கின. மூலத் தொடருக்கே ஒளிபரப்பு நாளை மாற்றிவிட்டதால் ஒரு கட்டத்தில் இரசிகர்கள் கடிதம் எழுதிப் போராட வேண்டியிருந்தது. ஆனாலும் கதையளவில் நிகழ்ந்தது திருத்தக்கூடிய தவறு என்பதே என் முடிவு.

புதுச்சேரியில் எழுதிப் பார்த்தது

இதே விதிகளை நம் ஊருக்கு வைத்து ஒரு தமிழ்த் தொடரைத் திட்டமிடும்படி வகுப்பில் கேட்டோம். முதலில் வந்த யோசனைகள் பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேக்சின் காலத்துக் கோட்டை, ஆனந்தரங்கப் பிள்ளை, 1761 ஜனவரியில் நகரம் ஆங்கிலேயரிடம் வீழ்ந்தது என்று போயின. ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு இருக்கும்போது அந்த ஆசை எழாமல் இருக்காது. ஆனால் வாழ்நாள் எல்லையை வைத்தவுடன் யோசனைகளின் தன்மையே மாறியது. கடலூரிலிருந்து வரும் ஒரு மாணவி, 2011 டிசம்பர் 30 அன்று காலை மணிக்குச் சுமார் 140 கிலோமீட்டர் வேகக் காற்றோடு புதுச்சேரிக்கும் கடலூருக்கும் நடுவே கரையேறிய தானே புயலின் முந்தைய இரவைத் தேர்ந்தெடுத்தார்.

“புயல நிறுத்த முடியாதுன்னா அவன் எதுக்கு சார் போறான்?” என்று பின்வரிசையிலிருந்து கேட்டார்கள்.

“கூரை வீட்ட விட்டு வரமாட்டேன்னு உக்காந்திருக்கிற ஆயாவ மாடி வீட்டுக்கு அழைச்சிட்டுப் போறதுக்கு. விடியறதுக்குள்ள அது நடக்கணும், அவ்வளவுதான்” என்று அந்த மாணவியே பதில் சொன்னார். புயலுக்குப் பிறகு பண்ருட்டிப் பக்கத்து முந்திரித் தோப்புகளும் பலா மரங்களும் சாய்ந்து கிடந்ததை அந்த ஆயா பார்க்க வேண்டும் என்பதையும் அவர் சேர்த்துக்கொண்டார். ஒருவரைக் காப்பாற்றியதற்கு அந்தக் காட்சியே விலை.

இன்னொரு குழு, ஒரு வீட்டில் உயிரோடிருக்கும் மூத்தவரின் வாழ்நாள் வரை அவ்வீட்டார் எவரும் பின்னோக்கிப் போகலாம் என்று எல்லையை மாற்றியது. மூலத் தொடரிலிருந்து எடுத்து, கூட்டுக் குடும்பத்தின் அளவுக்குத் தைத்த விதி இது. மிக நல்ல விதி. 1940 இல் பிறந்த ஆயா இருக்கும் வீட்டில் பிறந்த பேரனுக்கு 1954 அக்டோபர் 18 எட்டுகிறது. அன்று கீழூரில் கூடிய மக்கள் பிரதிநிதிகள் 178 பேரில் 170 பேர் இந்தியாவோடு இணைவதற்கு ஆதரவாகவும் 8 பேர் எதிராகவும் வாக்களித்தார்கள். நவம்பர் 1 அன்று ஆட்சி பிரெஞ்சுக்காரரிடமிருந்து இந்தியாவுக்குக் கைமாறியது; சட்டப்படியான மாற்றம் 1962 ஆகஸ்ட் 16 வரை காத்திருந்தது. பேரன் அந்த எட்டுப் பேரில் ஒருவரின் இடத்தில் போய் நிற்க வேண்டும் என்று அவர்கள் எழுதினார்கள். முடிவு தெரியும், மாற்றவும் முடியாது, மாற்ற அவனுக்கு விருப்பமும் இல்லை. தான் உடன்படாத ஒரு மனிதரின் வீட்டில், அவர் மனைவி மக்களுக்கு நடுவே, அன்றைய இரவைக் கழிக்க வேண்டும். நாளை ஊரே கொண்டாடும்போது அக்குடும்பம் தெருவில் தலைநிமிர்ந்து நடக்க என்ன செய்யலாம் என்பதே அவன் வேலை. எட்டுப் பேரில் எவரையும் அடையாளம் காட்டாமல், கற்பனை மாந்தராகவே வைத்துக்கொள்ளச் சொல்லியிருக்கிறோம்.

இன்றைய வீடு ஒரு அத்தியாயத்தில் இரண்டு காட்சிகளுக்கு மேல் வரக்கூடாது என்றும், முதல் அத்தியாயம் பேரனோடு தொடங்காமல் அந்த 1954 ஆம் ஆண்டுக் குடும்பத்தின் சமையற்கட்டில் தொடங்க வேண்டும் என்றும் தீர்மானித்தார்கள். ஆறாம் அத்தியாயத்தில் ஆயா இறந்துவிடுகிறார். வீட்டில் அடுத்த மூத்தவர் 1961 இல் பிறந்தவர் என்பதால், அதற்கு முந்தைய ஆண்டுகள் எல்லாம் அன்றோடு மூடிக்கொள்கின்றன; கீழூர்க் குடும்பத்துக்குப் பேரன் செய்யத் தொடங்கிய வேலை பாதியில் நிற்கிறது. இதை எட்டாம் அத்தியாயத்துக்குத் தள்ளிவைத்துப் பேரனுக்கு இன்னொரு வாய்ப்புக் கொடுக்கலாம் என்று சிலர் வாதிட்டார்கள். கூடாது என்பது என் தரப்பு. அடுத்த வகுப்பில் ஆறாம் அத்தியாயத்தின் முழு வசன வடிவத்தை எழுதிய பிறகே அதை வாக்கெடுப்புக்கு விடுகிறோம்.